பெரியம்மா பூசிய சுவர்

அன்பு மகளுக்கு,

அம்மா எழுதுவது. அப்பாவின் முழங்காலைத் தவிர இங்கே எல்லாம் நலம். நீயும் மாப்பிள்ளையும் அப்படியே இருக்க வேண்டும். குட்டிக்குத் தலை நின்றுவிட்டதா, எழுது.

உன் பிரசவத்துக்கு நான் அங்கே வந்திருந்த நேரம் பார்த்து உன் பெரியம்மா இரண்டு வீட்டுக்கும் நடுவில் இருக்கும் மண்சுவரை ஆள் வைத்து இரண்டு பக்கமும் சிமெண்ட் பூசிவிட்டாள். அப்பா கதவைத் திறந்துவிட்டு வந்த ஆளுக்கு டீயும் கொடுத்திருக்கிறார். கேட்டால், "அண்ணி சொன்னாங்க, எப்படி மாட்டேங்கறது" என்கிறார். சுவரில் பூச்சி இருக்கிறதாம், கொட்டிவிடுமாம். அது பூச்சியா? வயிற்றில் நீலப் பட்டை போட்ட தேனீ. ராணி கிடையாது, கூட்டம் கிடையாது, ஒவ்வொரு பெண்ணும் தனக்கென்று ஒரு துளை குடைந்து, தானே மகரந்தம் சேர்த்து வைத்து முட்டையிடும். ஆணுக்கு அங்கேயும் இடமில்லை, பொழுது சாய்ந்தால் செடித்தண்டை வாயால் கவ்விக்கொண்டு தூங்கும். இத்தனை வருஷத்தில் நம் வீட்டில் யாரையும் கொட்டியதில்லை. குஞ்சோடு சேர்த்துப் பூசிவிட்டாள் பாவி, நினைத்தால் வயிறு எரிகிறது.

கத்தரிப்பூ லேசில் மகரந்தத்தைக் கொடுக்காது. இந்தத் தேனீ பூவைக் கட்டிப்பிடித்து உடம்பை உதறி ஒரு சத்தம் போடும், அப்போதுதான் வெளியே வரும். அது போனதும் என் பூவெல்லாம் உதிர்ந்தது, அவள் பூவும்தான். நம்ம ஊர்ப் பள்ளி விடுதிச் சமையலறைக்கு அதுவரை கத்தரிக்காய் கொடுத்துவந்தவள் அவள். நான் என்ன செய்தேன் தெரியுமா, அப்பாவுக்கு நீ அனுப்பிய பேட்டரி பல் பிரஷை எடுத்துப் பூக்காம்பில் வைத்தேன். அதே சத்தம், அதே பொடி. இப்போது என் செடி காய் தாங்காமல் சாய்கிறது, விடுதிச் சமையல்காரர் என் வாசலுக்கு வருகிறார். கூடையை அவள் ஜன்னல் பக்கமாகத்தான் தூக்கிப்போகச் சொல்கிறேன். நேற்று அவளே வந்து, "என்ன உரம் போடறே?" என்று குழைந்தாள். "ஒண்ணுமில்லக்கா, கைராசி" என்றேன். ரொம்ப நாளைக்குப் பிறகு சோறு ருசித்தது.

ஆனாலும் ஆறவில்லை. தேனீ திரும்பி வந்து துளை குடையட்டும் என்று ஒரு பெட்டி நிறையக் களிமண் குழைத்துக் காயவைத்திருக்கிறேன், ஒன்றுகூட எட்டிப் பார்க்கவில்லை. காலையில் அந்தச் சத்தத்தை நானே எழுப்பிக்கொண்டு நிற்கிறேன். அதற்காக அவளை இந்த ஜென்மத்தில் மன்னிக்க மாட்டேன்.

குட்டியைக் குளிரில் வெளியே தூக்கிப்போகாதே. நேரத்துக்குச் சாப்பிடு. பெரியம்மா உனக்குப் போன் போட்டுத் துருவுவாள், நீ அவளிடம் இளகிவிடுவாய், தெரியும். பொய் சொல்ல வேண்டாம். அம்மா தினமும் பூவுக்குப் பல் தேய்த்துவிடுகிறாள் என்று உள்ளதைச் சொல். எனக்குப் பைத்தியம் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரியட்டும். அவள் நம்பவும் மாட்டாள், அவள் செடி காய்க்கவும் காய்க்காது.

மூன்று பேரும் நூறு வயது இருங்கள்.

இப்படிக்கு,
உன் அம்மா