பாய் கடையைக் காலி செய்த கதை

ஜூன் 9, திங்கள்

காலையிலிருந்தே புழுக்கம். மேகம் கூடிக் கூடிக் கலைகிறது. மோட்டார் தண்ணீர் எடுக்கவில்லை, ஆளுக்குச் சொல்ல வேண்டும். பிரஷர் மாத்திரை வாங்க வேண்டும்.

பக்ரீத் முடியட்டும் என்று தள்ளிப்போட்டேன். அதுவும் முடிந்துவிட்டது. கீழே கடையில் இருக்கும் ஜமால் பாயிடம் காலி செய்யச் சொல்ல வேண்டும். பத்தொன்பது வருடமாக அங்கே லாரி சீட்டும் தார்ப்பாயும் தைக்கிறார்.

மகன் பிரபுவும் பாவம். போர்வெல் போடும் ரிக் வண்டியோடு வடக்கே போன பிள்ளை, முதுகில் அடிபட்டுத் திரும்பி வந்து எட்டு மாதம். இனி அந்த வேலை கூடாது என்று டாக்டர் சொல்லிவிட்டார். லாரி பேட்டரிக் கடை போடப் போகிறான். சொந்தக் கடையை வைத்துக்கொண்டு வெளியே எதற்கு வாடகைக்குப் பிடிக்க வேண்டும்? நியாயம்தான்.

"நீ சொல்றியா, நாஞ் சொல்லட்டுமாம்மா?" என்றான். நானே சொல்கிறேன் என்றேன். இரண்டு தடவை படி இறங்கினேன். இரண்டு தடவையும் "சாப்டாச்சுங்களா பாய்?" என்று கேட்டுவிட்டு மேலே வந்துவிட்டேன்.

ஜூன் 10, செவ்வாய்

சொல்லிவிட்டேன்.

பாய் பல்லில் கடித்திருந்த நூலை அறுத்துக் கீழே போட்டார். "நம்ம தம்பிக்குத்தானுங்களே அக்கா?"

"ஆமாங்க பாய். ஆடி பொறக்கறதுக்குள்ள தெறக்கோணுங்கறான்."

"அப்பறம் என்னங்க. பெத்த புள்ளைக்கு இல்லாத கடையா?"

சண்டை போட்டிருந்தால் எனக்குச் சுலபமாக இருந்திருக்கும். "எத்தன வருசம் வேணாலும் இருங்க பாய்" என்று என் வீட்டுக்காரர் சொன்னது அவருக்கு மறந்திருக்காது. வீட்டுக்காரர் போய்ச் சேர்ந்து ஆறு வருடமாகிறது. அந்தப் பேச்சை பாய் எடுக்கவே இல்லை.

இரவு சோறு இறங்கவில்லை. மோர் மட்டும்.

ஜூன் 19, வியாழன்

மோட்டார் சரியாகிவிட்டது. வாஷர்தான் போயிருக்கிறது.

பாய்க்கு இன்னும் இடம் கிடைக்கவில்லை. "நாலு எடத்துல 'வாடகைக்கு'ன்னு போர்டு தொங்குதுங்க்கா. நான் போய்க் கேட்டா ஆள் வந்தாச்சுங்கறாங்க." தார்ப்பாயை மடிக்க ஆரம்பித்துவிட்டார்.

சேலம் ரோட்டில் எங்கள் மாமா முறை ஒருவருக்குக் கடை சும்மா கிடக்கிறது. நானே போனேன். காப்பி கொடுத்தார். யாருக்கு என்று கேட்டார். பெயரைச் சொன்னேன்.

"நம்ம ஆளுங்களுக்குன்னா சொல்லு சாமி. அவிங்களுக்குக் குடுத்துட்டு, நாளைக்கி எந்திரிங்கன்னா எந்திரிப்பாங்களா?"

நான் ஒரு வார்த்தை சொன்னதும் எழுந்துகொண்ட மனிதருக்காகத்தான் அங்கே போய் உட்கார்ந்திருந்தேன். அதைச் சொல்லியிருக்கலாம். "செரிங்க மாமா" என்றேன். காப்பியையும் குடித்து முடித்தேன்.

பாயிடம், கடை வேறொருவருக்குப் பேசி முடிந்துவிட்டதாம் என்று சொன்னேன். தலையாட்டினார். நம்பிய மாதிரி இல்லை.

ஜூன் 30, திங்கள்

பாய் போய்விட்டார். பரமத்தி வேலூர் தாண்டி, பைபாஸ் ஓரம் ஒரு தகர ஷெட் கிடைத்திருக்கிறது.

சாமான் ஏற்றியது: பெரிய மிஷின் இரண்டு, ரெக்சின் சுருள்கள், பஞ்சு மூட்டை, மர பெஞ்சு. பிரபு ஒரு மிஷினைப் பிடித்துத் தூக்கப் போனான். பாய் ஓடி வந்து அவன் கையைத் தட்டிவிட்டார்.

"சாமி, நீ தூக்காதே! முதுகு என்னத்துக்காவறது?"

நான் மேலே வந்து குழாயைத் திறந்துவிட்டு நின்றேன். அழுகை கேட்டுவிடக் கூடாதே.

சாவியைக் கொடுக்கும்போது கடையைக் கூட்டித் துடைத்துவிட்டிருந்தார்.

ஜூலை 10, வியாழன்

கடை திறப்பு. கூட்டம் பரவாயில்லை. பிரபு புதுச் சட்டையில் சிரித்துக்கொண்டே இருந்தான். இப்படிச் சிரித்து ஒரு வருடம் இருக்கும். எனக்கும் சந்தோஷம். பொய்யில்லை.

சாப்பிடும்போது சொன்னான். "பாயைத் தேடி வண்டிக வரும்மா. எங்க போனாருன்னு சொல்லிராதே. இங்க நின்னாத்தான் பேட்டரி பாப்பாங்க. வேலூருக்கு அனுப்பிச்சா வண்டி அப்பிடியே போயிரும்."

நான் ரசம் ஊற்றினேன்.

ஜூலை 12, சனி

வெயில். கீரைக்காரி வரவில்லை.

பிரபு டீ குடிக்கப் போயிருந்தான். நான் கடையில். தூத்துக்குடி வண்டி ஒன்று வந்து நின்றது. வயதான டிரைவர்.

"இங்க சீட்டு தைக்கிற பாய் இருப்பாரே, எங்கம்மா போனாரு?"

"தெரியலீங்க."

சொல்லிவிட்டேன். யோசிக்கக்கூட இல்லை. பிரபு பக்கத்தில் இருந்திருந்தால் அவன் மேல் பழி போட்டிருப்பேன். அவன் இல்லை. அந்த மனிதர் கிழிந்த சீட்டில் ஏறி உட்கார்ந்து போனார். பேட்டரியும் பார்க்கவில்லை.

ஜூலை 15, செவ்வாய்

மனசு கேட்கவில்லை. பிரபுவிடம் கோயிலுக்கு என்று சொல்லிவிட்டு வேலூர் பஸ் ஏறினேன்.

ஷெட்டில் பாய் மட்டும். மிஷின் மேல் துணி போர்த்தியிருந்தது. ரோட்டில் லாரிகள் ஒன்றுகூட வேகம் குறைக்காமல் போய்க்கொண்டிருந்தன. என்னைப் பார்த்ததும் எழுந்து பெஞ்சைத் துடைத்தார். டீ வாங்கி வந்தார். தம்பி வியாபாரம் எப்படி என்றார். நல்லாப் போகுது என்றேன்.

"என்னையத் தேடி ஆராச்சும் வந்தாங்களா அக்கா?"

"ஆரும் வரலீங்க பாய்."

மிஷின் மேல் கிடந்த துணியை இழுத்துச் சரிசெய்தார்.

"தூத்துக்குடி வண்டிக்காரரு ஒருத்தரு போன் பண்ணுனாருங்க. சனிக்கெழம அங்க வந்தாராமா. அப்பறம் ஆருகிட்டயோ நம்பர் வாங்கியிருக்காரு." அவ்வளவுதான். குரலில் கோபமில்லை. "டீ ஆறுதுங்க, குடிங்க."

பஸ் ஏற்றிவிட வந்தார். ஜன்னல் ஓரம் இடம் இருந்தும் உட்காரவில்லை. அவர் முகம் தெரியாத மறுபக்கம் போய் நின்றுகொண்டேன்.

ஜூலை 16, புதன்

தூறல். நாளை ஆடி ஒன்று. தேங்காய் வாங்க வேண்டும்.

பத்து மணிக்கு ஹார்டுவேர் கடை. சின்ன டப்பா சிவப்புப் பெயிண்ட், ஒரு பிரஷ். கடை வாசல் தூணில் எழுதினேன். 'சீட் ஜமால் பாய், வேலூர் பைபாஸ்', கீழே போன் நம்பர். எழுத்து கோணல்தான். தூரத்திலிருந்து தெரிகிறது.

பிரபு வந்து பார்த்தான். "ஆரும்மா எழுதுனது?"

"நாந்தான்."

"நம்ம கடையா, அவரு கடையா?"

"நம்ம கடைதான் சாமி. அவரு எங்கன்னு கேட்டா, தெரியலைன்னு இனி என்னால சொல்ல முடியாது."

உள்ளே போய், பெயிண்ட்டை அழிக்கத் தின்னரும் துணியும் எடுத்து வந்தான். நான் நாற்காலியை இழுத்துத் தூணை மறைத்துப் போட்டு உட்கார்ந்தேன். நகரு என்றான். நகரவில்லை. துணியைப் பிடித்தபடி எதிரே நிற்கிறான். முதுகு வலிக்கும், நிற்கக் கூடாது.

பெயிண்ட் இன்னும் காயவில்லை. இதை அங்கேயே உட்கார்ந்துதான் எழுதுகிறேன்.