சாமி கொடுத்த வெள்ளைப் பூ

தெருமுனையிலிருந்தே "கண்ணு" என்று கூப்பிட்டுக்கொண்டு வரும் என் அப்பாவுக்கு,

வருகிற வைகாசியில் தம்பிக்குக் கல்யாணம். பெண் கணியூர்ப் பக்கம். அவர்கள் குலக்கூட்டம் வேறு, குலதெய்வம் வேறு. ஒரே கூட்டத்தில் பெண் எடுக்கக்கூடாது என்பீர்களே, அந்தப்படியே அமைந்துவிட்டது. நல்லவேளை, பெண் பார்க்க நீங்கள் வரவில்லை. பாட்டனுக்குப் பாட்டன் பெயர்வரை விசாரித்து அந்தப் பெண்ணைப் படுத்தியெடுத்திருப்பீர்கள்!

சந்தோஷச் செய்தி இவ்வளவுதான். இனி என் கதைக்கு வருகிறேன்.

நீங்கள் போய்ச் சேர்ந்த பிறகு பாப்பாவைத் தூக்கிக்கொண்டு அம்மாவிடமே வந்துவிட்டேன். இப்போது எனக்குப் பனியன் கம்பெனியில் செக்கிங் வேலை. உங்கள் மாப்பிள்ளை அடிக்கவில்லை, குடிக்கவில்லை. காலையில் அவிநாசி நிட்டிங் யூனிட்டுக்குக் கிளம்பும்போது, பீரோவைப் பூட்டுகிற மாதிரி வீட்டை வெளியே பூட்டிச் சாவியை எடுத்துக்கொண்டு போவார். பாப்பாவுக்குக் காய்ச்சல் கொதித்தபோது ஜன்னல் கம்பி வழியாகத்தான் பக்கத்து வீட்டு அக்காவிடம் மாத்திரை வாங்கினேன். உங்களிடம் சொன்னேனே, ஞாபகம் இருக்கிறதா? "சாமி வாக்குக் குடுத்த எடம் கண்ணு. கொஞ்சம் அனுசரிச்சுப் போ" என்றீர்கள். 

இப்போது மறுபடியும் மாட்டிக்கொண்டேன் அப்பா. தம்பிக்கு இணைச்சீர் செய்ய நான்தானே இருக்கிறேன்? இணைச்சீர்ச் சேலையின் ஒரு நுனி கல்யாண மாப்பிள்ளையிடம், மறுநுனி கூடப்பிறந்தவளிடம். அது ஆகாமல் நம் வீடுகளில் தாலி கட்டுவதில்லை.

"புருசனை உட்டுட்டு வந்தவ இணைச்சீருக்கு நின்னா, பொண்ணு ஊட்டுக்காரங்க என்ன பேசுவாங்க? அதுக்கு முன்னால நீ புருசன் ஊட்டுக்கே போயிரோணும் கண்ணு" என்றாள் அம்மா.

"செத்தாலும் போகமாட்டேன்."

தம்பி தலையைத் தூக்காமல் போனைத் தேய்த்துக்கொண்டிருந்தான். கடைசியில் அம்மாதான், "செரி, உன்ற கல்யாணத்துக்கு உங்கப்பன் கேட்டாப்புல சாமிகிட்டயே கேட்டுப்போடலாம்" என்றாள்.

கிறுக்கி நான், சரி என்றுவிட்டேன். பூக் கேட்டு வந்த வாக்கைத் தட்டக்கூடாது என்று நீங்கள் ஊட்டி வளர்த்த புத்தி அது.

சேவூர் தாண்டி நம் கோயிலுக்குப் போனோம். ஒரு பொட்டலத்தில் வெள்ளை அரளி, ஒன்றில் சிவப்பு என்பதுதான் முறை. குழந்தை எடுப்பது வெள்ளையானால் நான் திரும்பிப் போகச் சாமி சம்மதம், சிவப்பானால் போகவேண்டாம். பொட்டலங்களை அம்மா வீட்டிலேயே கட்டிக்கொண்டு வந்திருந்தாள். பூசாரி அவற்றைச் சாமி முன்னால் போட்டு, பாப்பாவை எடுக்கச் சொன்னார். சிவப்பு, சிவப்பு என்று கண்ணை மூடிக்கொண்டு வேண்டினேன். வெள்ளை வந்தது.

அம்மா கன்னத்தில் போட்டுக்கொண்டாள். கூட வந்திருந்த பெரியப்பா அங்கேயே உங்கள் மாப்பிள்ளைக்குப் போன் போட்டுவிட்டார். "வெள்ளை வந்துருச்சுங்க மாப்பிள்ளை. சித்திரை முடியறதுக்குள்ள பொண்ணு அங்க வந்துரும்." 

மிஞ்சிய பொட்டலத்தைப் பூசாரி பாப்பா கையிலேயே கொடுத்திருந்தார். திரும்பும் வழியில் ஆட்டோவில் அவள் அதைப் பிரித்துவிட்டாள். "அம்மா, இதுலயும் வெள்ளப் பூத்தான்!"

அம்மா ஆட்டோவுக்கு வெளியே பார்த்துக்கொண்டு வந்தாள். வீட்டுக்கு வந்து அடுப்படியில் வைத்துக் கேட்டேன். கேட்டேன் என்ன, கத்தினேன்.

"சும்மா கத்தாத. உன்ற கல்யாணத்துக்கு உங்கப்பனும் இப்படித்தான் ரெண்டுலயும் வெள்ளை வெச்சுக் கட்டுனாரு. நல்ல எடம், சாமி வேண்டாம்னு சொல்லிப்போட்டா என்ன பண்றதுன்னு பயந்துட்டாரு."

நிஜமா அப்பா? நாலு தலைமுறைக்குப் பெயர் சொல்லி, கூட்டம் கோத்திரம் பார்த்து, சாமியை மட்டும் எப்படி நம்பாமல் போனீர்கள்? டேமேஜ் பீஸைக் கண்டுபிடிக்கத்தான் கம்பெனியில் எனக்குச் சம்பளம். உங்கள் கை கட்டிய பொட்டலத்தைப் பிரித்துப் பார்க்க எனக்கு ஏன் தோன்றவில்லை? உங்கள் மேல் அவ்வளவு நம்பிக்கை. உங்களைத் திட்டித் தீர்க்கலாம் என்றால் நீங்களும் இல்லை. படத்துக்குப் பூ வைக்கப் போனால் கோபம் வருகிறது, பின்னாலேயே அழுகையும் வருகிறது.

பங்காளிகள் எல்லோருக்கும் வெள்ளை வந்தது தெரிந்துபோயிற்று. உண்மையைச் சொன்னால் கல்யாண வீட்டில் அம்மா தலைகுனிய வேண்டும். உங்கள் பெயரும் போகும். சொல்லாவிட்டால் அந்தப் பூட்டுக்குள் நானும் பாப்பாவும். எந்தப் பக்கம் திரும்பினாலும் நம் சொந்தம்தான் நிற்கிறது. நான் யாரை இடித்துக்கொண்டு வெளியே வருவேன்?

தம்பியிடம் நேற்று எல்லாவற்றையும் சொன்னேன். போனைக் கவிழ்த்து வைத்தான். பிறகு, "நீ இணைச்சீருக்கு நில்லுக்கா. மத்ததை அப்பறம் பாத்துக்கலாம்" என்றான். அந்த அப்புறம்தான் எனக்குப் பயம்.

ஆனாலும் நிற்பேன் அப்பா. என் தம்பிக்கு நான்தான் இணைச்சீர். அவிநாசி வீட்டுக்குப் போகமாட்டேன். சாமி வாக்கு என்று பெரியப்பா பேச ஆரம்பித்தால், சாமியை யாரும் கேட்கவே இல்லை என்று சொல்வேன். அதற்கு மேல் கேட்டால் உங்கள் பெயரைச் சொல்ல நாக்கு வருமா என்று தெரியவில்லை.

ஒன்று மட்டும் சத்தியம். பாப்பாவுக்கும் ஒரு நாள் வரன் வரும். கூட்டம் பார்ப்பேன், உங்கள் பேத்தி ஆயிற்றே. ஆனால் முதலில் அவளைத்தான் கேட்பேன். அவள் வேண்டாம் என்றால், அதுதான் சிவப்புப் பூ.

இப்படிக்கு,
நீங்கள் ஒரு தடவைகூடக் கேட்காத,
இன்னும் உங்களையே கேட்டுக்கொண்டிருக்கிற
உங்கள் மூத்த மகள்