நீ வாங்கித் தந்த நான்கு மணி நேரம்

புடாபெஸ்ட்
18 அக்டோபர் 2009

என் செல்ல மகள் நோராவுக்கு,

அப்பா எழுதுவது. நான் இங்கே நலம், லென்கே அத்தைக்கு முழங்கால் தவிர மற்றதெல்லாம் நலம், நாக்கு மிகவும் நலம். நீயும் மாப்பிள்ளையும் பிள்ளைகளும் அங்கே மெல்பர்னில் சுகமாக இருப்பீர்கள் என்றே நினைத்துக்கொண்டு எழுதுகிறேன், இல்லையென்றால் உடனே ஃபோன் செய், கடிதத்துக்காகக் காத்திருக்காதே. அங்கே இப்போதுதான் வெயில் ஏறத் தொடங்கியிருக்கும், நீ தொப்பி இல்லாமல் சுற்றுவாய், போட்டுக்கொள். இங்கே மாடிப்படி விளக்கு மூன்று வாரமாக எரியவில்லை, கட்டடச் சங்கத்தில் அதைப் பற்றி இரண்டு கூட்டம் போட்டாயிற்று, பல்பு மட்டும் யாரும் போடவில்லை.

உன் பிறந்தநாள் பரிசு வந்து சேர்ந்தது. கவரைப் பிரித்தால் ஒரு அச்சடித்த சீட்டு, போர்க்கால யூத புடாபெஸ்ட், தனி வழிகாட்டியுடன் நான்கு மணி நேரம், இருவருக்கு, கார் உண்டு என்று போட்டிருந்தது. மூன்று தடவை படித்தேன். எழுபத்தைந்து வயதில் எனக்கு ஒரு ஸ்வெட்டர் வரும் என்று எதிர்பார்த்தேன் அம்மா. முதலில் கோபம்தான் வந்தது. பிறந்ததிலிருந்து இந்த ஊரை விட்டு நகராதவனுக்கு ஊரைச் சுற்றிக் காட்ட ஆள் வைத்திருக்கிறாளே என்று லென்கேயிடம் ஃபோனில் கத்தினேன். அவளோ, "காசு கட்டியாச்சுல்ல, வீணாக்கப் போறியா? ரெண்டு பேருக்குன்னா ரெண்டாவது ஆள் நான்தான். அந்தப் புள்ள தப்புத் தப்பா சொன்னா திருத்துறதுக்கு யாராவது வேணாமா" என்று சொல்லிவிட்டு, வாத்துக் கொழுப்பு தடவிய ரொட்டியும் வெங்காயமும் ஆறு பேருக்குக் கட்டிக்கொண்டு, குறித்த நாள் விடிந்ததும் வாசலில் வந்து நின்றுவிட்டாள்.

வழிகாட்டி பெயர் எனிக்கோ, நாற்பது வயதிருக்கும், கிழக்கே டெப்ரெட்சன் பக்கத்துக்காரி, யூதப் பெண் இல்லை. சின்ன சுசுகி காரில் வந்து இறங்கி, எங்களைப் பார்த்ததும் இங்கிலீஷில் பொழிய ஆரம்பித்தாள். நீ மெல்பர்னிலிருந்து எழுதியதால் நாங்கள் ஆஸ்திரேலியாக்காரர்கள் என்று நினைத்துவிட்டாள். லென்கே பாதி கேட்டுவிட்டு, "கண்ணு, நல்லாப் பேசுற, ஆனா எங்களுக்கு ஒரு வார்த்தையும் புரியல" என்றாள் நம் மொழியில். அந்தப் பெண் முகம் சிவந்துபோயிற்று. ஒன்பது வருஷமாக இந்த வேலை செய்கிறாளாம், இதுவரை ஒரு ஹங்கேரிக்காரர்கூட இந்தச் சுற்றுக்கு வந்ததில்லையாம். "எனக்கு இதெல்லாம் இங்கிலீஷ்லதான் சொல்ல வரும், நம்ம பாஷையில சொல்லிப் பழக்கமே இல்ல சார்" என்றாள். அது எனக்கு என்னவோ போல் இருந்தது. லென்கே மட்டும், "எங்களுக்கும் சொல்லிப் பழக்கமில்ல, வண்டிய எடு" என்றாள்.

முதலில், யூதர்களை அடைத்து வைத்த கெட்டோவின் மதில் நின்ற மூலை. எனிக்கோ தாளைப் பார்த்துக் கதவு இங்கே இருந்தது என்றாள், லென்கே இல்லை அங்கே என்றாள், நான் இரண்டு பேரும் தப்பு என்றேன். எங்கள் சத்தம் கேட்டு, வேறொரு வழிகாட்டியின் பின்னால் போய்க்கொண்டிருந்த டென்மார்க் முதியவர்கள் பத்துப் பேர் வந்து எங்களைச் சுற்றிக்கொண்டார்கள். லென்கே கைத்தடியை உயர்த்தி உயர்த்திக் காட்டினாள், எனிக்கோ இங்கிலீஷில் சொன்னாள், அவர்கள் தலையாட்டிக் குறித்துக்கொண்டார்கள். அவர்களுடைய வழிகாட்டி வந்து ஆட்களைத் திரும்பக் கேட்டபோது ஒருவர் லென்கேயின் கையில் ஐந்து யூரோ வைத்துவிட்டுப் போனார். அதை அவள் திருப்பிக் கொடுக்கவே இல்லை. உழைத்துச் சம்பாதித்ததாம்.

அடுத்தது டான்யூப் கரை, யூதர்களைச் செருப்பைக் கழற்றச் சொல்லி ஆற்றோரம் வைத்துச் சுட்டுத் தள்ளிய இடத்தில் இரும்புச் செருப்புகள் வரிசையாக வைத்திருக்கிறார்களே, அங்கே. எனிக்கோ சொல்லிக்கொண்டே இருந்தவள் நடுவில் ஒரு வார்த்தைக்கு ஹங்கேரியனில் தேடி, கிடைக்காமல் நின்றுவிட்டாள். நான் அந்த வார்த்தையை எடுத்துக் கொடுத்தேன். அவள் மிச்சத்தைச் சொல்லி முடித்தாள். லென்கேக்குக் கால் வீங்கியிருந்ததால் கல்லில் உட்கார்ந்து தன் ஷூக்களைக் கழற்றிப் பக்கத்தில் வைத்தாள். நாங்கள் ரொட்டியைப் பிரித்துத் தின்றுகொண்டிருக்கும்போது ஒரு ஜப்பானியப் பெண்மணி வந்து, அந்த ஷூக்களைக் குனிந்து நாலு பக்கமும் படமெடுத்து, ஒரு வெள்ளைப் பூவை இடது ஷூவுக்குள் வைத்துவிட்டுக் கைகூப்பி நின்றாள். லென்கே வாயில் வெங்காயத்தோடு, "ஐயோ அம்மா, அது என்னோடது, இப்பதான் கழட்டினேன், நான் இன்னும் சாகலை" என்றாள். அந்தப் பெண்மணிக்குப் புரிந்ததும் அழுவதா சிரிப்பதா என்று தெரியவில்லை, லென்கேயைக் கட்டிக்கொண்டாள். பூவை லென்கே எடுத்துக்கொண்டு போய், வரிசையில் இருந்த ஒரு குழந்தைச் செருப்புக்குள் வைத்துவிட்டு வந்தாள். வந்ததும், "எனக்குப் பாத்ரூம் போகணும்" என்றாள்.

அப்போதுதான் உன் விஷமம் வெளியே வந்தது. போகிற வழியில்தான் அடுத்த இடம், அங்கே கேட்டுப் பார்க்கலாம் என்று எனிக்கோ வண்டியைத் திருப்பினாள். எங்கே என்றேன். ரோஜா தெரு பதினேழு என்றாள், உங்க பொண்ணு தனியா எழுதிக் கேட்டிருந்தாங்க என்றாள். அந்த முகவரியை உனக்கு யார் கொடுத்தது? லென்கே கார் ஜன்னல் வழியாக மேகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள், ஆகவே யார் என்று கேட்க வேண்டியதில்லை.

உனக்கு நான் சொன்னதே இல்லை என்பதால் இங்கே எழுதிவிடுகிறேன். நாற்பத்து நாலு கோடையில் யூதர்களெல்லாம் வாசலில் மஞ்சள் நட்சத்திரம் ஒட்டிய வீடுகளுக்குள் போய்விட வேண்டும் என்று உத்தரவு வந்தது. அப்படி நாங்கள் போன வீடு அது. இரண்டாம் மாடியில் இரண்டு அறை, பதினாறு பேர். எனக்குப் பத்து வயது, லென்கேக்குப் பதினாலு. என் படுக்கை குளியலறைத் தொட்டி. அந்தத் தொட்டிக்கு மேலே அலமாரியில் கிசெல்லா ராதோ என்ற மாமியின் ஒரே சொத்து இருந்தது, ஒரு பாட்டில் ஆப்ரிகாட் ஜாம். கட்டாய வேலைப் படைக்குப் பிடித்துக்கொண்டு போன தன் புருஷன் எமில் திரும்பி வரும் நாளுக்காக வைத்திருந்தாள். அதை நான் தின்றேன் நோரா. தினமும் காலையில் எல்லாரும் எழுவதற்கு முன் ஒரு விரல். அக்டோபரில் பாட்டில் காலி. யார் என்று கேட்டபோது நானில்லை என்று, அதே படைக்குப் போய் அப்புறம் திரும்பி வராத என் அப்பா பேரில் சத்தியம் செய்தேன், என் அம்மா லென்கேயை அறைந்தாள், மாமி "விடுங்க, எலியா இருக்கும்" என்று சொல்லிவிட்டாள். நவம்பரில் நாற்பது வயதுக்கு உட்பட்ட பெண்களை எல்லையை நோக்கி நடத்திக்கொண்டு போனார்கள், மாமியும் போனாள். அவளும் வரவில்லை, எமிலும் வரவில்லை. அந்த வீட்டை விட்டுப் போனதிலிருந்து அந்தத் தெருவில் நான் கால் வைத்ததில்லை. குடிநீர் வாரியத்தில் முப்பத்தொரு வருஷம் மீட்டர் பார்த்தவன், அந்தத் தெரு முறை வரும்போதெல்லாம் எனக்குக் காய்ச்சல் வரும்.

சரி, லென்கேயின் அவசரம் என் பயத்தைவிடப் பெரியதாக இருந்தது. முற்றத்துக்குள் நுழைந்ததும் இரண்டாம் மாடி வராந்தாவிலிருந்து பனியன் போட்ட ஒருவர் எட்டிப் பார்த்து யார் வேணும் என்றார். எனிக்கோ விவரமாக, இவங்க நாற்பத்து நாலுல இந்த வீட்டுல குடியிருந்தவங்க என்று ஆரம்பித்தாள். அவ்வளவுதான், மனிதர் பூந்தொட்டியை அணைத்துக்கொண்டு, "எங்ககிட்ட எல்லாப் பத்திரமும் இருக்கு! முறைப்படி வாங்கின வீடு! வக்கீலக் கூட்டிட்டு வந்தாலும் ஒண்ணும் நடக்காது" என்று கத்தினார். லென்கே கீழேயிருந்து, "உங்க வீடு எங்களுக்கு வேணாங்க, கக்கூஸ் மட்டும் அஞ்சு நிமிஷம் குடுங்க போதும், அதையும் திருப்பிக் குடுத்துடுறோம்" என்றாள். வீடு முழுக்க ஜன்னல் திறந்து சிரித்தது. போடோர் என்று பெயர் அவருக்கு, வெட்கப்பட்டுக் கீழே ஓடிவந்து லென்கேயைக் கைத்தாங்கலாக மாடிக்கு ஏற்றிக்கொண்டு போனார்.

நான் வாசலிலேயே நின்றிருப்பேன். ஆனால் லென்கே உள்ளேயிருந்து கூப்பிட்டாள், "டேய் எர்வின், தண்ணி நிக்க மாட்டேங்குது, வந்து பாரு." போடோர் அது நாலு மாதமாக அப்படித்தான் என்றார். நாலு மாதம் ஒழுகுகிறது என்று கேட்டால் என்னால் நிற்க முடியுமா? போனேன். கோட்டைக் கழற்றி, கையை முழங்கை வரை கக்கூஸ் ஃப்ளஷ் தொட்டிக்குள் விட்டு மிதவையைச் சரிசெய்தேன், வளைந்திருந்தது, வேறொன்றுமில்லை. நிமிர்ந்தபோதுதான் பக்கத்தில் பார்த்தேன், அதே குளியல் தொட்டி. சிங்கக்கால் நாலில் ஒன்று உடைந்து செங்கல் முட்டுக் கொடுத்திருக்கும், அந்தச் செங்கல்கூட அப்படியே இருந்தது. நான் தொட்டி விளிம்பில் உட்கார்ந்துவிட்டேன். கை நனைந்தபடியே, அக்கா, அந்த ஜாம் நான்தான் தின்னேன் என்றேன்.

லென்கே கண்ணாடியில் தொப்பியைச் சரிசெய்துகொண்டே, "தெரியும்" என்றாள். "மாமிக்கும் தெரியும். அந்த மூடிய உன் கையால திறந்திருக்க முடியுமா? உனக்கு என்ன பலம் இருந்துச்சு, எலும்பும் தோலுமா கெடந்த. அவங்கதான் தினமும் படுக்கப் போறதுக்கு முன்னாடி மூடியத் தளர்த்தி வெச்சிட்டுப் போவாங்க. நான் பார்த்துட்டேன்னு வாய்ல விரல வெச்சுக் காட்டினாங்க. அதனாலதான் அறை வாங்கிட்டும் பேசாம இருந்தேன்." அறுபத்தைந்து வருஷம் ஏன் சொல்லவில்லை என்று கேட்டேன். "நீ கேட்டியா? இந்தத் தெருன்னாலே மூஞ்சியத் திருப்பிக்குவ, அப்பா நெனப்பு வந்துடும் போலன்னு நான் விட்டுட்டேன். அந்த அறைக்கு நீ இன்னும் எங்கிட்ட மன்னிப்புக் கேக்கல, அது ஞாபகம் இருக்கட்டும்" என்றாள். மன்னிப்புக் கேட்டேன். கதவோரம் எனிக்கோ தாள்களைக் கீழே போட்டுவிட்டு அழுதுகொண்டிருந்தாள், போடோருக்கு ஒன்றும் புரியாமல் அவளுக்குத் துண்டு கொடுத்தார், அப்புறம் எல்லாருக்கும் காபி போட்டார். நாலு மணி நேரம் ஆறரை மணி நேரம் ஆயிற்று. எனிக்கோ கூடுதலாக ஒன்றும் வாங்கிக்கொள்ளவில்லை. இதை இனிமேல் நம் மொழியிலும் சொல்லப் பழகப் போகிறாளாம், சந்தேகம் வந்தால் ஃபோன் செய்யலாமா என்று கேட்டாள். நேற்றே இரண்டு தடவை செய்துவிட்டாள், இரண்டு தடவையும் லென்கேக்கு, எனக்கு இல்லை.

மாப்பிள்ளைக்கு என் அன்பு. பிள்ளைகள் நல்ல புத்தியும் நல்ல பசியுமாக வளரட்டும், உன் வீட்டில் எந்தக் கதவும் பயத்தோடு திறக்கப்படாமல் இருக்கட்டும் என்று ஆசீர்வதிக்கிறேன். கார் ஓட்டும்போது ஃபோன் பேசாதே. நம் யூத வழக்கப்படி வெள்ளிக்கிழமை மெழுகுவத்தி ஏற்றுகிறாயோ இல்லையோ, அன்று ஒரு தடவை கிசெல்லா ராதோ என்ற பெயரைப் பிள்ளைகளிடம் சொல். இன்னொன்று, உனக்குப் பன்னிரண்டு வயதில் நம் வீட்டில் மட்டும் ஏன் ஆப்ரிகாட் ஜாம் வாங்குவதில்லை என்று கேட்டாய், அது அப்பாவுக்கு ஒத்துக்கொள்ளாது என்று சொன்னேன். உன் அம்மாவிடமும் அவள் சாகும்வரை அப்படியே சொல்லி ஏமாற்றினேன். ஒத்துக்கொள்ளும் நோரா. இன்று காலையில் தின்றேன், நன்றாகவே ஒத்துக்கொண்டது.

முத்தங்களுடன்,
உன் அப்பா
எர்வின்