வெட்டிய பனைகள்

அன்புள்ள அம்மாவுக்கு,

உன் ஜெபத்தால் நலமாக இருக்கிறேன். முட்டிவலி குறைந்ததா?

நேற்று நான் எடுத்த சரித்திர வகுப்பில் ஒரு மாணவன், தன் முப்பாட்டன் கனடாவுக்கு வந்தபோது இந்தக் காடு ஆளில்லாத காலி நிலமாக இருந்தது என்றான். "அப்போ அவங்க இங்கிருந்து துரத்தியது யாரை?" என்று கேட்டேன். பயப்படாதே, என் வேலை போகவில்லை.

ஏரிக்கரையில் நாம் வளர்த்த பனைகளை வெட்டிவிட்டு ரைஸ்மில்காரர், "இங்க எவன் இருந்துக்கினு இருந்தான்? புறம்போக்குதானே?" என்றாரே. அவர் பேரன் இங்கே படிக்க வருகிறான், நான்தான் பார்த்துக்கொள்ள வேண்டும் என்று உன்னிடம் கேட்டாராமே. வரட்டும். முதல் வருஷ வகுப்பு என்னுடையதுதான்.

அந்தப் பனங்கட்டைகளைப் போட்டோ எடுத்து அனுப்பு. காஞ்சிபுரம் போனால் கூரியரில் கொஞ்சம் கருவாடும் போடு. சமைக்கும்போது போன் பண்ணு. பேசாவிட்டாலும் பரவாயில்லை, தாளிக்கிற சத்தமாவது கேட்கட்டும்.

"பாவம்டி, சின்னப் பையன்" என்பாய். ஆனாலும் வகுப்பில் அந்தப் படத்தைப் போட்டு, கட்டைகளை ரைஸ்மில்காரர் பேரனையே எழுந்து நின்று எண்ணச் சொல்வேன்.

பஸ் வந்துவிட்டது.

உன் மகள்,
அபி