என் சண்டை, அவள் காமெடி

செவ்வாய்க்கிழமை, இரவு.

தண்ணீர் லாரி ஓட்டுகிறவன் இன்று என்னைப் பார்த்ததும் சிரித்தான். "இன்னாக்கா, போன்ல பட்டய கெளப்பிகினு கீற!" என்றான். குடத்தோடு நின்ற பெண்களும் சிரித்தார்கள். எனக்கு மட்டும் ஒன்றும் புரியவில்லை.

பக்கத்து வீட்டு செல்வி தன் போனைக் காட்டினாள். அதில் ஓடிய வீடியோவில் என் மகள் காவ்யா, என் பழைய நைட்டியும் தோளில் துண்டுமாக, லாரிக்காரனோடு நான் போடும் சண்டையை அப்படியே நடித்துக்கொண்டிருந்தாள். எங்கள் அயனம்பாக்கமே பார்த்துவிட்டதாம்.

வீட்டுக்கு வந்து கத்தினேன். "தெனமும் உன்னப் பாத்துதாம்மா எனக்கு ஐடியாவே வருது" என்றாள், பெருமையாக. ஏரிக்குப் பக்கத்திலேயே குடியிருந்துகொண்டு ஒரு குடத்துக்கு அடித்துக்கொள்கிறேன். என் இடுப்பு வலி இவளுக்குக் காமெடி. அந்தத் தண்ணீரில்தான் இவள் தலைக்குக் குளிக்கிறாள். அழித்துவிடச் சொன்னேன். மூஞ்சியைத் தூக்கிக்கொண்டு போய்ப் படுத்துவிட்டாள்.

இப்போது சத்தத்தைக் குறைத்து என் போனில் பார்த்தேன். இன்னும் அழிக்கவில்லை, திமிர். "டாய், டயர்ல காத்த புடுங்கிவுட்ருவேன்!" என்று விரலை ஆட்டுகிறாள். என் விரல்தான், என் கழுத்து வெட்டுதான். சிரிப்பு பொத்துக்கொண்டு வந்தது. தலையணையில் முகத்தைப் புதைத்துக்கொண்டேன்.

சிரித்ததை அவளிடம் சொல்லப்போவதில்லை. காலையில் எழுந்ததும் மறுபடி கத்துவேன்.