ஓரத்துத் துரை வாய் திறந்த அன்று

நண்பா,

நேற்று கிள்ளான் சினிமாக் கொட்டகை வாசலில் காச்சாங் பூத்தே விற்பவர் வறுத்த பட்டாணியைப் பொட்டலம் கட்டிக்கொண்டிருந்தார். வாசனை மூக்கில் ஏறியதும் கை தானாக இரண்டு பொட்டலம் வாங்கிவிட்டது. நீ போய்ச் சேர்ந்தது கைக்கு இன்னும் தெரியவில்லை போலிருக்கிறது. உன் பங்கையும் நானே தின்றேன். வயிறு பொருமிக்கொண்டே இதை எழுதுகிறேன்.

படங்கள் பேசாத காலத்தில் அந்தக் கொட்டகைத் திரைக்கு ஒரு பக்கம் நான் ஆர்மோனியத்தோடு உட்கார்ந்திருப்பேன். மறுபக்கம் நீ நின்று கூட்டத்துக்குத் தமிழில் கதை சொல்வாய். வாரம் முழுக்க பிரிக்பீல்ட்ஸ் ரயில் பட்டறையில் இருவரும் இரும்போடு மல்லுக்கட்டினோம். சனிக்கிழமை ரயிலேறி கிள்ளானில் இறங்கினால் நீ ராஜா. கதாநாயகி, வில்லன், நாய், பீரங்கி எல்லாவற்றுக்கும் உன் ஒரே தொண்டைதான்.

கதாநாயகர்களை உனக்குப் பிடிக்காது. "அவனுங்களுக்குத்தான் ஊரே இருக்கே" என்பாய். நீ பிடித்துக்கொண்டது நீண்ட மூக்கும் தொங்கு மீசையுமான ஓர் இங்கிலாந்துக்காரனை. ஒரு படத்தில் பட்லர், இன்னொன்றில் பாதிரியார், அடுத்ததில் போலீஸ்காரர். எப்போதும் திரையின் ஓரத்தில்தான் நிற்பான். பெயரைக்கூடத் திரையில் எழுத்தாகப் போடமாட்டார்கள். ஓரத்துத் துரை என்று நாமாக வைத்தோம். அவன் உதடு அசைந்தால் போதும், நீ தடித்த குரலில் எதையாவது அவிழ்த்துவிடுவாய்.

நம் ஊருக்குப் படங்கள் புதியது முதலில், பழையது பிறகு என்று முன்பின்னாகத்தான் வரும். நரைத்த தலையோடு வந்தவன் அடுத்த வாரமே கறுத்த தலையோடு வந்து நின்றான். ரப்பர் தோட்டத்து ஆட்கள் கூச்சல் போட்டார்கள். நீ அசரவில்லை. "தொரைக்குப் பொண்ணு பாத்திருக்கு லா! மை பூசிக்கிட்டு வந்திருக்காரு!" என்றாய். சிரிப்பில் நான் எந்தக் கட்டையில் கை வைத்திருந்தேன் என்பதே மறந்துபோனது.

பிறகு பேசும் படம் வந்தது. கொட்டகை முதலாளி இருவரையும் கூப்பிட்டு, இனி வேண்டாம் என்றார். நான் ஆர்மோனியத்தைத் தூக்கிக்கொண்டு கோயில் பஜனைக்குப் போய்விட்டேன். உனக்குப் போக இடமில்லை. கொட்டகைப் பக்கம் தலைவைத்தும் படுக்கமாட்டேன் என்றாய். வீட்டிலும் பேச்சை நிறுத்தினாய். "அண்ணே, இவரு திட்டக்கூட மாட்டேங்கிறாரு. பயமா இருக்குண்ணே" என்று உன் மனைவி என்னிடம் அழுதார். எனக்கும் பயம்தான்.

ஒரு நாள் பட்டறை வாசலில் நீயாகக் கேட்டாய். "டேய், ஓரத்துத் தொரை என்னடா ஆனான்? கொரல் சரியில்லாதவங்கள எல்லாம் வெளிய அனுப்பிட்டாங்களாம். அவனையும் அனுப்பியிருந்தா..."

அவன் கதிதான் உன் கதியும் என்று முடிவு கட்டியிருந்தாய். அவனைத் தேடி, அதற்குப் பிறகு வந்த பேசும் படம் ஒன்றையும் நான் விடவில்லை. திரும்பி வரும்போதெல்லாம் நீ என் முகத்தைப் பார்ப்பாய், நான் தலையைக் குனிந்துகொள்வேன். ஸ்டேஷனிலிருந்து வரும் அந்த நடை எனக்கு நரகம்.

கடைசியில் அவன் வந்தான். ஹோட்டலில் பெட்டி தூக்குகிறவன் வேஷம். ரயிலை விட்டு இறங்கி ஓடி வந்து சொன்னேன். நீ சட்டையைத் திருப்பிப் போட்டுக்கொண்டு கிளம்பிவிட்டாய்.

அன்றுதான் நீ அந்தக் கொட்டகையில் முதன்முதலாக நாற்காலியில் உட்கார்ந்தாய். அதுவரை பக்கவாட்டில் நின்று, பாதிப் படத்தையும் பாதிக் கூட்டத்தையும்தான் பார்த்திருக்கிறாய். துரை பெட்டியோடு வந்து வாயைத் திறந்ததும் பழக்கதோஷத்தில் நீ பாதி எழுந்துவிட்டாய். திரையிலிருந்து ஆட்டுக்குட்டி மாதிரி ஒரு குரல் வந்தது. ஒரே ஒரு வரி. பின்வரிசை வெள்ளைக்காரர்களிலிருந்து முன்பெஞ்சு வரைக்கும் எல்லாரும் சிரித்தார்கள்.

"கீச்சுக் கொரல்டா இவனுக்கு! நான் எம்மாந்தடியாப் பேசிக்கிட்டிருந்தேன்!"

சிரித்துச் சிரித்து உனக்குக் கண்ணீரே வந்துவிட்டது. அதைத் துடைத்துக்கொண்டு நாற்காலியில் நன்றாகச் சாய்ந்தாய். "அப்பாடா. பொழச்சுக்கிட்டான்டா. இனிமே அவன் பேச்ச அவனே பேசிக்குவான். நான் படம் பாக்கறேன்" என்றாய்.

மறுநாள் பட்டறையில் அந்தக் கீச்சுக் குரலில் நீ அடித்த கூத்தைத் தாங்காமல் மேஸ்திரி கத்தினார். உன் மனைவி எனக்கு மீன் குழம்பு கொடுத்தனுப்பினார். எனக்கு எவ்வளவு நிம்மதி என்று அன்று உன்னிடம் சொல்லவில்லை, இப்போது சொல்கிறேன்.

போன மாதம் என் விரல்கள் மடங்க மறுத்ததால் பஜனையில் வேறொருவர் ஆர்மோனியம் வாசித்தார். நான் வருத்தப்படுவேனோ என்று எல்லாரும் என்னைப் பார்த்தார்கள். நான் உன்னை நினைத்துக்கொண்டு தூணில் சாய்ந்து உட்கார்ந்தேன். இத்தனை வருஷம் நான் வாசித்த பாட்டுதான். கட்டைகளையே பார்த்துக்கொண்டிருந்ததில் அதன் வரிகள் என் காதில் விழுந்ததே இல்லை.

நல்ல பாட்டுடா அது.