தாத்தா நடந்த நான்கு அடி

அன்புள்ள பாப்பாவுக்கு,

நானும் அம்மாவும் உடம்புக்கு ஒன்றுமில்லாமல் இருக்கிறோம், நீயும் மாப்பிள்ளையும் அப்படியே இருக்க வேண்டும். சின்ன வயதில் ஒருநாள் நீ, "போட்டோவுல தாத்தா உட்கார்ந்தே இருக்காரே, எழுந்து நடந்தா எப்படிப்பா இருப்பாரு?" என்று கேட்டாய். எனக்கு மூன்று வயதிலேயே போய்விட்டவர், எனக்கே தெரியாதும்மா என்றேன். போன வாரம் அதற்குப் பதில் கிடைத்தது, கிடைத்த கையோடு போயும் விட்டது. பழைய தியேட்டரை இடிக்கப் போகிறார்கள். அங்கே ஆபரேட்டராக இருந்தானே என் பழைய மாணவன், பல்பு என்று கூப்பிடுவோமே, அவன் ஒரு தகரப் பெட்டியில் பேசாப்படச் சுருள் ஒன்றைக் கண்டெடுத்தான். தாத்தா வேலை பார்த்த துணிக்கடையின் முதலாளி விளம்பரத்துக்காக எடுத்தது, ஒரே பிரதி. அங்கேயே எனக்கும் அம்மாவுக்கும் போட்டுக் காட்டினான். வண்டியிலிருந்து துணிப்பொதி இறங்குகிறது, ஒரு அம்மாள் சாயம் போகுமா என்று துணி ஓரத்தை எச்சில் தொட்டுத் தேய்க்கிறாள், ஒருவர் காமிராவைப் பார்த்து வாயைப் பிளந்தபடி வழியில் நிற்க, பின்னால் வந்தவர் அவர்மேல் முட்டிக்கொள்கிறார். துணி விற்க எடுத்த படத்தில் ஊரே அகப்பட்டிருந்தது. பிறகு கடைப் படியில், தோளில் துணியோடு, தாத்தா. இருபது வயது இருக்கும், போட்டோவில் உள்ள அதே மேட்டு நெற்றி. இறங்கி நான்கு அடி நடந்தார், வலது காலைக் கொஞ்சம் வெளியே வீசி, அவசரமாக.

"நிறுத்துப்பா, நல்லாப் பார்த்துக்கலாம்" என்றேன். "பழைய பிலிம் சார், நின்னா விளக்குச் சூட்டுல பத்திக்கும்" என்றான். "சொன்னாக் கேளு" என்றேன், வகுப்பில் சொல்வது போலவே. அறுபது வயதுக்காரன், கேட்டுவிட்டான். தாத்தாவின் மார்பிலிருந்து ஒரு பழுப்பு வட்டம் விரிந்தது, அவ்வளவுதான், சுருள் முழுக்கப் பற்றிக்கொண்டது. மூவரும் வெளியே ஓடி வந்ததே பெரிது. கை வெந்துபோன பல்பு என்னிடம் மன்னிப்புக் கேட்கிறான், அதைத்தான் தாங்க முடியவில்லை. "பாதியில நிறுத்தி நிறுத்திப் பாடம் நடத்தினது போதாதா, பெத்த அப்பனையும் நிறுத்தணுமா?" என்று உன் அம்மா திட்டினாள், பிறகு அவளே அழுதாள். எச்சில் தொட்ட அம்மாளும் போனாள், முட்டிக்கொண்டவரும் போனார். அவர்களுக்கும் எங்கோ பேரன் பேத்திகள் இருப்பார்கள், அவர்களுக்கு நான் என்ன பதில் சொல்வது? வலது கால் என்று மேலே எழுதிவிட்டேன், வலதா இடதா என்று நேற்றிலிருந்து அதுவும் சந்தேகமாக இருக்கிறது.

நீங்கள் இருவரும் நோய்நொடி அண்டாமல் நிறைவாக வாழ வேண்டும். நாளைக்கு நீ காய்கறி வாங்கப் போகிற கடை வாசலில் போனைப் பிடித்து ஐந்து நிமிடம் படம் எடு. யாரையும் நிற்கச் சொல்லாதே.

இப்படிக்கு,
உன் அப்பா